இன்னும் பூட்டி முடிக்காதது

வண்டிப்பாளையம் ரோட்டில்
என் பட்டறைக்கு மேலே ஒரு தூங்குமூஞ்சி மரம்.
அதிலிருந்துதான் விழுந்தது,
அல்லது இறங்கியது,
அல்லது பறந்து பார்த்துப் பாதியில் விட்டது.
நான் கார்புரேட்டருக்குள் குனிந்திருந்தேன், பார்க்கவில்லை.

நிமிர்ந்தால்
தெய்வசிகாமணி சாரின் ஸ்ப்ளெண்டரில்
பெட்ரோல் டேங்கின் மேல்
துருப்பிடித்த உடம்பும் புகையேறிய தலையுமாக
ஒரு வால்காக்கைக் குஞ்சு.
வால்தான் இல்லை.
ஒரு சாண் இருக்கவேண்டிய இடத்தில்
என் கட்டைவிரல் நீளம்.

கை தானாக நீண்டது.
இருபத்திரண்டு வருஷமாக
எது ஓடாமல் நின்றாலும்
பிரிக்கப் போகிற கை.

போன கோடையில் இதே கைதான்
இன்னொரு குஞ்சை எடுத்துவந்து
பிஸ்டன் வந்த அட்டைப்பெட்டியில்
துடைக்கிற துணி விரித்துப் படுக்கவைத்து
பாலில் பிஸ்கட் கரைத்து
இங்க் ஃபில்லரால் ஊட்டியது.
விளக்கு வைப்பதற்குள் கழுத்து தொங்கிவிட்டது.
மறுநாள் முழுக்க இரண்டு பறவைகள்
பட்டறைக் கூரையைச் சுற்றிக் கத்தின.
அதற்கு ஆள் இருந்திருக்கிறது.

பெட்டியோடு மஞ்சக்குப்பம் மாட்டாஸ்பத்திரிக்குப் போனேன்,
செத்ததை எடுத்துக்கொண்டு.
கம்பவுண்டர் திறந்து பார்த்தார், மூடினார்.
"இறகு வந்திருக்கு. கால் பிடிக்குது.
அப்புறம் எதுக்கு இதை வீட்டுக்கு எடுத்துட்டுப் போன?
உன்னை எடுத்துட்டுப் போயிருக்கணும்."

இந்த வருஷம்
கையைப் பின்னால் கட்டிக்கொண்டு குனிந்தேன்.
இரண்டு சிறகும் ஒரே மட்டம்.
ரத்தமில்லை. எறும்பு மொய்க்கவில்லை.
டேங்க் மூடியை நகத்தால் இறுக்கிப் பிடித்திருக்கிறது.
என்னைப் பார்த்து வாயைத் திறந்தது;
உள்ளே அத்தனை சிவப்பு.
பழுதில்லை.
இன்னும் பூட்டி முடிக்காத வண்டி.
பூட்டுகிறவர்கள் மேலே இருக்கிறார்கள்,
என்னைத் திட்டிக்கொண்டு.

"தொட்டுடாத, மனுச வாடை பட்டா
ஆத்தாக்காரி சேத்துக்க மாட்டா"
எதிர் பழக்கடையிலிருந்து மும்தாஜ் அக்கா.
எனக்கு மனுச வாடை போய் வெகுநாளாச்சு, அக்கா.
மண்ணெண்ணெயும் கிரீஸும்தான்.
அதுவுமில்லாமல் இதுகள் மோந்து பார்த்தா
பிள்ளை வளர்க்கின்றன?

லாரி டயருக்கடியில்
பரோட்டாக் கடைப் பூனை, ஒற்றைக் கண்ணோடு.
ரோட்டில் நெய்வேலி பஸ்.
சும்மா இருப்பதற்கும் கொஞ்சம் வேலை செய்யவேண்டும்.
ஸ்டாண்டை எடுத்தேன்.
நியூட்ரலில், ஆமை நடையில்,
பின்சுவரோர முருங்கை வரைக்கும் தள்ளினேன்.
அது இறங்கவில்லை.
லைசென்ஸ் இல்லாமல் சவாரி.
கிளை ஒன்று ஹாண்டில்பாரைத் தொடும்படி நிறுத்திவிட்டு
பதினைந்தடி பின்னால் வந்து
பூனைக்கும் அதற்கும் நடுவில்
ஒரு டயரைப் போட்டு உட்கார்ந்தேன்.

கம்ப்ரஸர் போடவில்லை.
ஆக்ஸிலேட்டர் முறுக்கிப் பார்க்கவில்லை.
பஞ்சருக்கு வந்த இருவரை
செம்மண்டலம் போகச் சொன்னேன்.
சார் போன் பண்ணினார், வண்டி ஆச்சா?
ஒருத்தர் ஏறி உக்காந்திருக்கார் சார்,
இறங்கினதும் தரேன்.

வெயில் சுவரைத் தாண்டியபோது
ஒரு நீளவால் சத்தமில்லாமல் சாய்ந்து வந்தது.
வாயில் பாதிப் பல்லி.
குஞ்சு முழுசாக நடுங்கிக் கேட்டது, விழுங்கியது.
அடுத்த நடையில் பல்லியைக் காட்டிவிட்டுக்
கொடுக்காமல் கிளையில் போய் உட்கார்ந்தது நீளவால்.
கத்தல். மறுபடி கத்தல்.
பிறகு டேங்கிலிருந்து ஹாண்டிலுக்கு.
ஹாண்டிலிலிருந்து,
கண்ணாடியில் தன்னையே ஒருதரம் கொத்திவிட்டு,
முருங்கைக்கு.
ஒடியும் என்று எழுந்தேவிட்டேன்.
ஒடியவில்லை. அவ்வளவு கனமில்லை அது.

மறுநாள் காலை
கெடிலம் பக்கமிருந்து கரகரவென்று ஒரு குரல்.
அதுவா, வேறொன்றா?
எனக்குக் காது இஞ்சினுக்குத்தான் பழக்கம்.

சார் வந்து டேங்கில் காய்ந்திருந்த வெள்ளையைச் சுரண்டினார்.
பில் கேட்டார்.
கார்புரேட்டர் கிளீனிங், நூற்றிருபது.
பிளக், தொண்ணூறு.
மூன்று மணி நேரம் எதையும் தொடாமல் இருந்ததை
எந்த வரியில் எழுத?